கடலடியில் கிடக்கும் கண்ணாடி நூல்

2025 செப்டம்பர் 6-ஆம் தேதி செங்கடலில், ஜெட்டாவுக்கு அருகே, ஸீ-மீ-வீ 4, ஐ-மீ-வீ என்ற இரண்டு கேபிள்கள் அறுந்தன. இந்தியாவிலும் பாகிஸ்தானிலும் வளைகுடா நாடுகளிலும் இணையம் தடுமாறியது. மத்திய கிழக்கு வழியாகச் செல்லும் தகவல்கள் தாமதமாகும் என்று மைக்ரோசாஃப்ட் தன் அஸூர் மேகக்கணினிச் சேவையின் வாடிக்கையாளர்களுக்கு அறிவித்தது. ஏவுகணையாக இருக்குமோ, நாசவேலையோ என்று ஊகங்கள் பறந்தன. கேபிள் பாதுகாப்பு வல்லுநர்கள் சந்தேகப்பட்டதோ ஏதோ ஒரு வணிகக் கப்பல் இழுத்துப்போன நங்கூரத்தை.

தொலைத்தொடர்பு என்றதும் நம் பார்வை மேலே போகிறது. டவர், செயற்கைக்கோள், 5ஜி என்று எல்லாமே தலைக்கு மேல் நடப்பதாகத்தான் நினைக்கிறோம். உண்மையில் செல்போனிலிருந்து பக்கத்து டவர் வரை, அல்லது அதற்குச் சற்று அப்பால் வரைதான் ரேடியோ அலையின் வேலை. அதற்குப் பிறகு பெரும்பாலும் மண்ணுக்கடியில் போகும் கண்ணாடி இழைதான். கடல் குறுக்கிட்டால் கடலடியில் அதே இழை. கண்டம் விட்டுக் கண்டம் போகும் தகவல்களில் ஏறக்குறைய 99 சதவீதம் இந்தக் கேபிள்கள் வழியாகவே போவதாக சர்வதேச தொலைத்தொடர்பு ஒன்றியம் சொல்கிறது. உலகக் கடல்களின் அடியில் 14 லட்சம் கிலோமீட்டருக்கு மேல் கேபிள் கிடக்கிறது. பூமத்திய ரேகையை 35 தடவை சுற்றிவர அது போதும்.

தொலைத்தொடர்புத் தொழில் எங்கே போகிறது என்று தெரிந்துகொள்ள நிறுவனங்களின் ஆண்டறிக்கைகளைப் புரட்டலாம். என்னைக் கேட்டால் இரண்டு கேள்விகள் போதும் என்பேன். கடலில் கேபிள் போடுவது யார்? அறுந்தால் பழுது பார்ப்பது யார்?

முதல் கேள்விக்கான விடை காலத்துக்குக் காலம் மாறியிருக்கிறது. 1858-இல் அட்லாண்டிக்கின் குறுக்கே முதல் தந்திக் கேபிளைப் போட்டவர்கள் தனியார் முதலாளிகள். விக்டோரியா ராணி அமெரிக்க அதிபர் புக்கானனுக்கு அனுப்பிய 98 சொல் வாழ்த்துச் செய்தி போய்ச்சேர 16 மணி நேரம் பிடித்தது. அந்தக் கேபிள் சில வாரங்களிலேயே செத்துப்போனது. செய்தி வேகமாகப் போகட்டும் என்று அதிக மின்னழுத்தம் கொடுத்ததில் காப்புறை கெட்டுவிட்டது. 1866-இல் கிரேட் ஈஸ்டர்ன் என்ற மாபெரும் நீராவிக் கப்பல் போட்ட கேபிள்தான் நிலைத்தது. அதே கப்பல் 1870-இல் பம்பாயிலிருந்து ஏடனுக்கும் கேபிள் இழுத்தது. சென்னைக்கும் இந்தக் கதையில் நெடுங்காலமாகவே இடம் உண்டு. சென்னையிலிருந்து பினாங்கு வழியாக சிங்கப்பூருக்குப் போன தந்திக் கேபிள் 1871-இல் செயல்பாட்டுக்கு வந்தது. கப்பல் தபாலுக்காக வாரக்கணக்கில் காத்திருந்த வணிகர்களுக்கு, மலாயாச் சந்தையின் விலை நிலவரம் மணிக்கணக்கில் தெரிய ஆரம்பித்தது. செப்புக் கம்பியில் தண்ணீர் படாமல் காத்த கட்டாபெர்ச்சா என்ற மரப்பாலும் மலாயாக் காடுகளிலிருந்து வந்ததுதான். அதற்காக வெட்டிச் சாய்க்கப்பட்ட மரங்களுக்குக் கணக்கில்லை.

பேச்சு கடலைக் கடக்க இன்னும் பல ஆண்டுகள் ஆயின. ஸ்காட்லாந்திலிருந்து நியூஃபவுண்ட்லாந்துக்குப் போடப்பட்ட டாட்-1 என்ற முதல் அட்லாண்டிக் தொலைபேசிக் கேபிள் 1956 செப்டம்பரில் திறக்கப்பட்டபோது, ஒரே நேரத்தில் 36 அழைப்புகளைத்தான் தாங்கியது. நியூயார்க்கிலிருந்து லண்டனுக்கு மூன்று நிமிடம் பேச 12 டாலர். அந்தக் காலத்தில் கேபிளின் உரிமையாளர்கள் தபால் தந்தித் துறைகளும் பெரிய தொலைபேசி நிறுவனங்களும்தான். நாலைந்து நாட்டு நிறுவனங்கள் கூட்டாகப் பணம் போட்டு, கேபிளைப் பங்கு பிரித்துக்கொண்டன.

செம்பின் இடத்துக்குக் கண்ணாடி வந்ததும் எல்லாம் மாறிப்போயிற்று. சார்ல்ஸ் காவோ 1966-இல் ஓர் ஆய்வுக் கட்டுரை வெளியிட்டார். கண்ணாடி இழைக்குள் ஒளி மங்குவதற்குக் காரணம் கண்ணாடியின் இயல்பு அல்ல, அதில் கலந்திருக்கும் மாசு. மாசை நீக்கினால் ஒளியில் செய்தி அனுப்பலாம் என்றார். நான்கே ஆண்டுகளில் கார்னிங் நிறுவனம் அப்படிப்பட்ட இழையை உருவாக்கிக் காட்டியது. காவோவுக்கு நோபல் பரிசு கிடைத்தது 2009-இல்தான்.

இன்று ஆழ்கடலில் கிடக்கும் கேபிளைக் கையில் எடுத்தால், தோட்டத்துக்குத் தண்ணீர் பாய்ச்சும் ஹோஸ் பைப்பின் தடிமன்தான் இருக்கும். வெளியே பாலிதீன் உறை. அதற்குள் செப்புக் குழாய், எஃகுக் கம்பிகள். எல்லாவற்றுக்கும் நடுவில், ஒரு மில்லிமீட்டரில் எட்டில் ஒரு பங்கு தடிமனே உள்ள சில ஜோடி கண்ணாடி இழைகள். ஒரு ஜோடியில் ஓர் இழை போக, மற்றொன்று வர. கரையை நெருங்க நெருங்க, மீன்பிடி வலைக்கும் நங்கூரத்துக்கும் பயந்து கேபிளுக்கு ஒன்றிரண்டு சுற்று எஃகுக் கம்பிக் கவசம் போடுகிறார்கள். ஆழம் குறைந்த இடங்களில் கடல் தரையை உழுது புதைத்தும் வைக்கிறார்கள். நாலு கிலோமீட்டர் ஆழத்தில் வலையும் நங்கூரமும் எட்டாது என்பதால் அங்கே கவசம் வேண்டியதில்லை.

இழைக்குள் ஓடுவது கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பு ஒளி. எவ்வளவு சுத்தமான கண்ணாடியாக இருந்தாலும், 60 கிலோமீட்டர் போவதற்குள் பத்தில் ஒரு பங்கு ஒளிதான் மிஞ்சும். அதனால் 60 முதல் 100 கிலோமீட்டருக்கு ஒன்றாகக் கடலடியில் ஒளிபெருக்கிகள் கோக்கப்பட்டிருக்கின்றன. ஒவ்வொன்றுக்குள்ளும் எர்பியம் என்ற தனிமம் கலந்த சிறிய இழைச்சுருள் இருக்கிறது. லேசரால் அதற்கு ஆற்றல் ஊட்டிவிட்டால், அதைக் கடந்துபோகும் மங்கிய ஒளி மீண்டும் வலுவடைகிறது. இந்தப் பெருக்கிகளுக்கு மின்சாரம் கரையிலிருந்து போகிறது. செப்புக் குழாய் இருப்பது அதற்காகத்தான். நெடுந்தூரக் கேபிளில் கரை நிலையம் தரும் மின்னழுத்தம் 10,000 வோல்ட் அளவுக்கு இருக்கும்.

இந்தத் தொழிலின் வளர்ச்சிக்குக் காரணமான ஒரு நுட்பம் கேபிளுக்குள் இல்லை, கரையில் இருக்கிறது. ஒரே இழையில் வெவ்வேறு அலைநீளம் கொண்ட பல ஒளிக்கற்றைகளை, அதாவது பல நிறங்களை, ஒன்றோடொன்று கலக்காமல் அனுப்ப முடியும். எர்பியம் பெருக்கி அவை அத்தனையையும் ஒரே வீச்சில் பெருக்கிவிடும். ஆகவே பத்து வருடப் பழைய கேபிளாக இருந்தாலும், இரு கரைகளிலும் உள்ள கருவிகளை மட்டும் மாற்றி அதன் திறனைப் பல மடங்கு உயர்த்திவிடலாம். கடலில் கை வைக்கவே வேண்டாம். 1988-இல் அட்லாண்டிக்கில் வந்த முதல் கண்ணாடி இழைக் கேபிளான டாட்-8, நொடிக்கு 280 மெகாபிட் தாங்கியது. 2017-இல் அதே கடலில் போட்டு முடித்த மரேயா கேபிளின் வடிவமைப்புத் திறன் 160 டெராபிட். முப்பது வருடத்துக்குள் ஐந்தரை லட்சம் மடங்குக்கு மேல்! வேறெந்தத் தொழிலிலாவது இப்படியொரு பாய்ச்சல் நடந்திருக்குமா என்று யோசித்துப் பார்க்கிறேன். கணினிச் சில்லுகளைத் தவிர எதுவும் நினைவுக்கு வரவில்லை.

இப்படித் திறன் கூடக்கூட, 1990-களின் இறுதியில் முதலீட்டாளர்கள் மதிமயங்கினார்கள். இணையம் மூன்று மாதத்துக்கு ஒருமுறை இரட்டிப்பாகும் என்று நம்பிக் கடலெங்கும் கேபிளைக் கொட்டினார்கள். தேவை அவ்வளவு வேகமாக வளரவில்லை. 2002 ஜனவரியில் குளோபல் கிராஸிங் என்ற கேபிள் நிறுவனம் திவாலானது, ஏப்ரலில் ஃபிளாக் டெலிகாம். இந்தியாவுக்கு அது நல்ல காலமாக அமைந்தது. ஃபிளாக்கை ரிலையன்ஸ் சுமார் 21 கோடி டாலருக்கு வாங்கியது. டைகோ நிறுவனம் 200 கோடி டாலருக்கு மேல் கொட்டி, 60,000 கிலோமீட்டர் நீளத்துக்குப் போட்ட உலகளாவிய வலையமைப்பை, டாடாவின் கைக்கு வந்திருந்த வி.எஸ்.என்.எல். வெறும் 13 கோடி டாலருக்கு வாங்கியது. யாரோ போட்ட பணத்தில் நமக்குக் கிடைத்த நெடுஞ்சாலை அது.

அதே 2002-இல் வெளிநாட்டு அழைப்புகளில் வி.எஸ்.என்.எல்.லுக்கு இருந்த ஏகபோகமும் முடிவுக்கு வந்தது. பார்தியும் சிங்டெல்லும் சேர்ந்து சென்னைக்கும் சிங்கப்பூருக்கும் இடையே 3,200 கிலோமீட்டர் நீளத்துக்கு ஐ-டு-ஐ கேபிளைப் போட்டன. 8.4 டெராபிட் வடிவமைப்புத் திறன் அன்று மலைக்க வைத்த எண். 2004-இல் டாடாவின் கேபிளும் அதே இரு நகரங்களை இணைத்தது. பழைய மகாபலிபுரம் சாலையில் கண்ணாடிக் கட்டடங்கள் முளைத்ததற்கு நிலம், அரசின் கொள்கை, பொறியியல் கல்லூரிகள் என்று பல காரணங்கள் சொல்வார்கள். சாந்தோம் பக்கம் கரையேறிய கேபிள்களையும் அந்தப் பட்டியலில் சேர்க்காவிட்டால் கணக்கு சரியாகாது. அமெரிக்காவில் ஒரு வங்கி வாடிக்கையாளர் பேசுவது, சென்னையில் இரவுப் பணியில் இருப்பவர் காதில் உடனே விழ வேண்டும். 36,000 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றும் செயற்கைக்கோள் வழியே போய்வந்தால் ஒவ்வொரு வாக்கியத்துக்கும் நடுவே கால் நொடி விழுந்துவிடும். சென்னையிலிருந்து சிங்கப்பூருக்குக் கேபிளில் ஒளி போய்ச்சேர ஒரு நொடியில் அறுபதில் ஒரு பங்குதான் ஆகிறது.

தாழ்வாகச் சுற்றும் ஸ்டார்லிங்க் போன்ற செயற்கைக்கோள்கள் இந்தத் தாமதத்தை வெகுவாகக் குறைத்திருக்கின்றன. மலைக் கிராமத்துக்கும் நடுக்கடல் கப்பலுக்கும் அவை பெரிய வரம். ஆனாலும் ஒரு பெருநகரத்தின் மொத்தத் தகவலையும் சுமக்கும் வேலையைக் கண்ணாடி இழையிடமிருந்து அவை பறித்துவிட முடியாது.

இப்போது முதல் கேள்விக்கு மறுபடி வருவோம். இன்று கேபிள் போடுவது யார்? தொலைபேசி நிறுவனங்கள் அந்தப் பிடியை இழந்துகொண்டிருக்கின்றன. கூகுள், மெட்டா, மைக்ரோசாஃப்ட், அமேசான் ஆகிய நான்கு நிறுவனங்களின் பங்கு, 2012-க்கு முன் கடலடிக் கேபிள்களின் பயன்பாட்டில் பத்தில் ஒன்றுகூட இல்லை. இப்போது மூன்றில் இரண்டு பங்கை எட்டிவிட்டது. மரேயாவில் முதல் போட்டவை மைக்ரோசாஃப்ட்டும் ஃபேஸ்புக்கும் (இன்றைய மெட்டா) தான். ஆப்பிரிக்காவைச் சுற்றிவளைக்கும் 45,000 கிலோமீட்டர் நீளமுள்ள டூ-ஆப்பிரிக்கா கேபிளின் முன்னணியில் மெட்டா நிற்கிறது. 2025 பிப்ரவரியில் அதே நிறுவனம் வாட்டர்வொர்த் என்ற பெயரில், ஐந்து கண்டங்களைத் தொடும் 50,000 கிலோமீட்டருக்கு மேற்பட்ட கேபிளை அறிவித்தது. இந்தியாவும் அதில் ஒரு நிறுத்தம்.

காரணம் எளிது. வீடியோவைச் சேமித்து வைத்திருப்பவர்கள் அவர்கள், பார்ப்பவர்கள் நாம். 2016 செப்டம்பரில் ஜியோ வந்ததற்குப் பிறகு இந்தியாவில் டேட்டா விலை சரிந்தது. நோக்கியாவின் கணக்குப்படி 2024-இல் ஓர் இந்தியர் செல்போனில் மாதத்துக்குச் சராசரியாக 27.5 ஜிபி செலவழித்தார். இத்தனை தகவல் ஓடியும் தொலைபேசி நிறுவனங்களின் வருமானம் அதே வேகத்தில் ஏறவில்லை. அலைக்கற்றை ஏலத்துக்கும் டவருக்கும் கடன் வாங்கிய நிறுவனங்கள் மூச்சுத் திணறுகின்றன. விளம்பரத்தில் சம்பாதிக்கும் நிறுவனங்கள் கடலை அளக்கின்றன. இந்த மாற்றத்தை நான் வெறும் வியாபாரச் செய்தியாகப் பார்க்கவில்லை. பல நாட்டு நிறுவனங்கள் பங்கு வைத்திருந்த கேபிளில் சிறிய நாட்டுக்கும் ஒரு குரல் இருந்தது. ஒரே நிறுவனத்துக்குச் சொந்தமான கேபிள் எந்தக் கரையைத் தொட வேண்டும் என்பதை அந்த நிறுவனத்தின் தரவு மையம்தான் தீர்மானிக்கும்.

அரசுகளும் சும்மா இல்லை. சிங்கப்பூரையும் பிரான்ஸையும் இணைக்கும் ஸீ-மீ-வீ 6 கேபிளைத் தயாரிக்கும் ஒப்பந்தம் சீனாவின் எச்.எம்.என். நிறுவனத்துக்குப் போகவிருந்தது. அமெரிக்க அரசு தலையிட்ட பிறகு அது அமெரிக்காவின் சப்காம் கைக்கு வந்தது. இரண்டு சீனத் தொலைபேசி நிறுவனங்கள் திட்டத்தை விட்டே விலகின. அந்தக் கேபிள் 2024 டிசம்பர் இறுதியில் சென்னையில் கரையேறியது.

எகிப்து வழிப் பாதைக்கு மாற்று தேடும் முயற்சியும் நடக்கிறது. கூகுள் 2021-இல் அறிவித்த ஒரு கேபிள் ஜோர்டானின் அகபாவிலிருந்து மும்பைக்கு வருகிறது. அதன் பெயர் ராமன். திருச்சியை அடுத்த திருவானைக்காவலில் பிறந்த சர் சி.வி. ராமனின் பெயர்தான். இது வெறும் மரியாதைக்காக வைத்த பெயராகவும் முடிந்துவிடவில்லை. ஒளி ஒரு பொருளின் மூலக்கூறுகளில் பட்டுச் சிதறும்போது கொஞ்சம் ஆற்றலைக் கொடுத்துவிட்டு நிறம் மாறுகிறது என்று 1928-இல் ராமன் கண்டுபிடித்தார். கண்ணாடி இழைக்குள் இதையே பயனுள்ள விதத்தில் திருப்பிக்கொள்ளலாம். வலுவான லேசர் ஒளி ஒன்றைக் கூடவே செலுத்தினால், அது இழக்கும் ஆற்றல் செய்தி சுமக்கும் மங்கலான ஒளிக்குப் போய்ச் சேர்ந்து அதைப் பெருக்குகிறது. ராமன் பெருக்கி என்றே அதற்குப் பெயர்.

இரண்டாவது கேள்வி, பழுது பார்ப்பது யார் என்பது. உலகம் முழுவதும் ஆண்டுக்கு 150 முதல் 200 முறை எங்காவது ஒரு கேபிள் பழுதாகிறது. அதில் நான்கில் மூன்று பங்கு மீன்பிடிப்பாலும் நங்கூரத்தாலும் நேர்வது. எங்கே அறுந்தது என்பதைக் கரையிலிருந்தே சொல்லிவிடலாம். இழைக்குள் ஒளித்துடிப்பு ஒன்றை அனுப்பி, அது எதிரொளித்துத் திரும்பும் நேரத்தைக் கணக்கிட்டால் தூரம் தெரிந்துவிடும். கஷ்டமான வேலை அதற்குப் பிறகுதான். கப்பல் அந்த இடத்துக்குப் போய், இரும்புக் கொக்கி கட்டிய கயிற்றைக் கடலடிக்கு இறக்குகிறது. ஆழ்கடலானால் கொக்கி தரையைத் தொடவே பல மணி நேரம் ஆகும். கேபிள் கிடக்கும் திசைக்குக் குறுக்காகக் கொக்கியை இழுத்து, சிக்கிய முனையை மேலே தூக்கி, சோதித்து, மூடி, மிதவையில் கட்டிவிடுகிறார்கள். பிறகு மறுமுனையைத் தேட வேண்டும். கேபிள் தரையோடு தரையாகக் கிடப்பதால் இரண்டு முனைகளையும் மேலே இழுத்து நேராக முடிச்சுப் போட முடியாது, நீளம் பற்றாது. கப்பலில் கொண்டுபோன புதுக் கேபிள் துண்டை நடுவில் சேர்த்தாக வேண்டும். கப்பலுக்குள் தூசி புகாத அறையில், ஒரு பணியாளர் ஒவ்வொரு இழையின் முனையையும் சீவி, எதிரெதிரே வைத்து, மின்பொறியால் உருக்கி ஒட்டுகிறார். கப்பல் அலையில் ஆடிக்கொண்டிருக்கும். மைக்ரான் கணக்கில் விலகினாலும் அந்த ஒட்டு தேறாது.

பழுது பார்க்கும் கப்பல் பக்கத்தில் இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதை டோங்கா நாட்டு மக்களைக் கேட்க வேண்டும். 2022 ஜனவரி 15-இல் அங்கே கடலடி எரிமலை வெடித்தபோது, நாட்டை ஃபிஜியோடு இணைத்த ஒரே சர்வதேசக் கேபிள் துண்டுதுண்டானது. சொந்தக்காரர்கள் உயிரோடு இருக்கிறார்களா என்று தெரியாமல் வெளிநாட்டு டோங்கர்கள் நாட்கணக்கில் தவித்தார்கள். ரிலையன்ஸ் என்ற பழுதுபார்ப்புக் கப்பல் பப்புவா நியூகினியாவிலிருந்து வந்து, வேலையை முடிக்க ஐந்து வாரம் ஆனது. தீவுகளுக்கிடையிலான உள்நாட்டுக் கேபிள் சரியாக ஒன்றரை ஆண்டு ஆயிற்று.

உலகத்தில் மொத்தமே சுமார் 60 கேபிள் கப்பல்கள்தான் உள்ளன. அவற்றில் பல, வயதான கப்பல்கள். 140 கோடி மக்கள் உள்ள இந்தியாவின் கொடியோடு ஒன்றுகூட இல்லை. நம் கடலில் கேபிள் அறுந்தால் வெளிநாட்டுக் கப்பல் வர வேண்டும். அது வருவதற்குப் பல துறைகளின் அனுமதி வர வேண்டும். இந்தியக் கொடியுள்ள கப்பல்களின் தேவையைத் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் 2023 ஜூனில் தன் பரிந்துரைகளில் எடுத்துச் சொன்னது. அப்போது இந்தியாவைத் தொட்ட 17 சர்வதேசக் கேபிள்களில் மிகப் பெரும்பாலானவை மும்பையில், அதுவும் வெர்சோவா கடற்கரையின் சில கிலோமீட்டருக்குள் கரையேறின. கிழக்கு வாசலாக இருப்பது சென்னை. மேற்கே செங்கடல் அடைபடும்போது, சிங்கப்பூர் வழியாகச் சுற்றிப்போகும் பாதை இங்கிருந்துதான் தொடங்குகிறது. 2025 அக்டோபரில் விசாகப்பட்டினத்தில் 1,500 கோடி டாலர் முதலீட்டையும் அதோடு ஒரு புதிய கடலடிக் கேபிள் வாசலையும் கூகுள் அறிவித்தது. அந்த அளவுக்கு நல்லதுதான்.

நாமே முனைந்தால் முடியும் என்பதற்கு அந்தமான் சாட்சி. செயற்கைக்கோளை மட்டுமே நம்பிக் கிடந்த அந்தத் தீவுகளுக்குச் சென்னையிலிருந்து 2,312 கிலோமீட்டர் கேபிள் போடப்பட்டு, 2020 ஆகஸ்ட் 10-இல் திறக்கப்பட்டது. செலவு 1,224 கோடி ரூபாய், அரசின் பொதுச் சேவை நிதியிலிருந்து. லாபக் கணக்கு மட்டும் பார்க்கும் எந்த நிறுவனமும் போட்டிருக்காத கேபிள் அது.

கடைசியாக ஒரு விஷயம், நம் கரையோர மீனவர்களுக்காக. 1884-இல் பாரிஸில் கையெழுத்தான கடலடித் தந்திக் கேபிள் ஒப்பந்தம் முதல், இந்தியா 1995-இல் ஏற்ற ஐ.நா. கடல் சட்ட உடன்படிக்கையின் 115-ஆம் பிரிவு வரை ஒரு விதி இருக்கிறது. கேபிளுக்குச் சேதம் வரக் கூடாதென்று தன் நங்கூரத்தையோ வலையையோ வெட்டிவிட்ட படகின் உரிமையாளர், முன்கூட்டியே உரிய கவனம் எடுத்திருந்து, இழப்பை நிரூபித்தால், கேபிளின் சொந்தக்காரர் அவருக்கு நஷ்டஈடு தர வேண்டும். இந்த விதி காசிமேட்டிலும் நாகப்பட்டினத்திலும் தூத்துக்குடியிலும் விசைப்படகு ஓட்டுபவர்களில் எத்தனை பேருக்குச் சொல்லப்பட்டிருக்கிறது? வலையைக் காப்பாற்ற இழுத்துப் பார்ப்பதா, வெட்டிவிடுவதா என்று நடுக்கடலில் முடிவெடுப்பவர் அவர்தான். கேபிள் போகும் பாதையைத் தமிழில் அச்சிட்ட வரைபடம், நஷ்டஈடு கேட்கும் படிவம், புகார் சொல்ல ஒரு தொலைபேசி எண் ஆகிய மூன்றையும் மீன்வளத் துறையும் கேபிள் நிறுவனங்களும் சேர்ந்து ஒவ்வொரு மீன்பிடித் துறைமுகத்திலும் கொடுக்க வேண்டும். கப்பல் வாங்க ஆகும் செலவோடு ஒப்பிட்டால் இதற்கு ஆகும் செலவு ஒன்றுமே இல்லை. இந்த ஆண்டே தொடங்கலாம்.